உடல் சொன்ன சாட்சி

குடாநாடும் போரும்: வரலாற்றுத் தொடர் – 19

2000 ஏப்ரலில் ஆனையிறவு வீழ்ந்த கதையைச் சென்ற இதழில் சொன்னோம். அதற்குப் பின்னான சில மாதச் சண்டைகளில் போர்முனை குடாநாடு ஒடுங்கும் இடத்தில் வந்து நிலைத்தது. தெற்கே கிளாலிக் கடலேரி, நடுவே முகமாலை, வடகிழக்கே நாகர்கோவில் கடற்கரை. இந்த மூன்றையும் தொடுத்து ஓடிய கோட்டின் இரு பக்கமும் இரு படைகளும் 2008 இன் இறுதிவரை எதிரெதிரே மண் அணைகளுக்குப் பின்னால் கிடந்தன. நிர்வாகக் கணக்கில் முகமாலை கிளிநொச்சி மாவட்டத்தின் பச்சிலைப்பள்ளிப் பிரிவைச் சேர்ந்தது. நிலத்தின் கணக்கில் அது குடாநாட்டு மண்தான். தென்னங்காணிகளும் பனங்கூடல்களும் நிறைந்த, மணல் கலந்த மண்.

அந்த மண்ணில் இரு தரப்பும் மிதிவெடிகளை விதைத்தன. ஒவ்வொரு தாக்குதலுக்குப் பிறகும் கோடு சில நூறு மீற்றர் முன்னோ பின்னோ நகரும். நகர்ந்த கோட்டுக்கு முன்னால் புதிய வெடிகள் புதைபடும். பழையவை அப்படியே கிடக்கும். ஒரே காணியில் பாகிஸ்தானில் செய்த பி-4, சீனாவின் ரைப்-72, புலிகள் தாங்களே பலகைப் பெட்டியில் செய்து ‘ஜொனி’ எனப் பெயரிட்ட வெடி என்று வரிசைமேல் வரிசையாகப் புதைந்திருந்ததற்கு இதுவே காரணம். போர் முடிந்தபின் வந்த கண்ணிவெடி அகற்றும் நிறுவனங்கள், உலகில் மிதிவெடிகள் மிக நெருக்கமாகப் புதைந்துள்ள இடங்களில் ஒன்றாக முகமாலையைக் குறித்தன.

இந்த இயலில் நான் சொல்ல எடுத்துக்கொண்டது படைகளின் கதையை அல்ல. ஓர் ஆயுதம் தடைசெய்யப்படுவது எப்போது, யாருடைய பேச்சால் என்ற கதையை. அந்தக் கதையில் முகமாலைக்கும் ஹிரோஷிமாவுக்கும் இடையே ஒரு பாதை இருக்கிறது. நம்மவர் அதை அதிகம் கவனித்ததில்லை.

மிதிவெடி ஆளைக் கொல்வதற்கென்று செய்யப்பட்டதல்ல. ஒரு பாதத்தை எடுப்பதற்குப் போதுமான சில பத்துக் கிராம் வெடிமருந்துதான் அதற்குள் இருக்கும். இறந்த சிப்பாயை விட்டுவிட்டுப் படை முன்னேறும். கால் போனவனைத் தூக்க இரண்டு பேர் வேண்டும், பின்னே ஒரு வைத்தியசாலை வேண்டும் என்பது அதன் பின்னால் உள்ள இராணுவக் கணக்கு. அந்தக் கணக்கு உடலில் எப்படி எழுதப்படுகிறது என்பதை யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலையின் சத்திரசிகிச்சை வைத்தியர்கள் நன்கு அறிவார்கள். வெடிப்பின் அழுத்தம் மண்ணையும் செருப்புத் துண்டையும் சிதறிய பாத எலும்பையும் மேல்நோக்கித் தசைகளுக்குள் செலுத்திவிடும். வெளியே தெரியும் காயம் கணுக்காலில் இருந்தாலும் அழுக்கு முழங்கால்வரை ஏறியிருக்கும். அதனால்தான் பாதம் போனவருக்கு முழங்காலுக்குச் சற்றுக் கீழேயோ மேலேயோ கால் எடுக்க வேண்டி வருகிறது. ஒரே சத்திரசிகிச்சையோடு அது முடிவதுமில்லை. கால் இழந்தது சிறுபிள்ளையென்றால் எலும்பு வளர வளர மீண்டும் வெட்டித் திருத்த வேண்டும், செயற்கைக் காலையும் மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். இல்லாத பாதத்தில் வலிப்பது வேறு. இரவில் விரல்கள் எரிவதுபோல் இருக்கிறது, ஆனால் தடவிக்கொடுக்க அங்கே விரல்கள் இல்லை என்பது கால் இழந்தவர்கள் எல்லா நாட்டிலும் சொல்லும் வேதனை.

குடாநாட்டில் இந்த வேதனைக்கு முகம்கொடுத்த இடம் ஜெய்ப்பூர் நிலையம். இந்தியாவின் ஜெய்ப்பூர் நகரில் 1968 இல் ராம் சந்தர் சர்மா என்ற கைவினைஞரும் வைத்தியர் பி. கே. சேத்தியும் சேர்ந்து உருவாக்கிய ரப்பர்ப் பாதத்தால் வந்த பெயர் அது. அந்தப் பாதத்துக்குச் சப்பாத்துத் தேவையில்லை. சம்மணமிட்டு இருக்கலாம், கிணற்றடியில் குந்தலாம், ஈர மண்ணில் நடக்கலாம். மேலைநாட்டுச் செயற்கைக் கால்கள் செய்யாத காரியங்கள் இவை. தோட்டக்காரனுக்கும் கோயிலுக்குப் போகிறவளுக்கும் இவைதான் வாழ்க்கை. 1980களின் பிற்பகுதியில் இந்தத் தொழில்நுட்பம் யாழ்ப்பாணத்துக்கு வந்தது. பொருளாதாரத் தடை, மின்சாரம் இல்லாமை, இடப்பெயர்வு எல்லாவற்றுக்கும் நடுவில் இங்கேயே வார்த்து, இங்கேயே பொருத்தி, இங்கேயே நடக்கப் பழக்கினார்கள். அந்தத் தொழிலாளர்களின் வரலாறு தனியே எழுதப்பட வேண்டியது. போர்க்காலக் குடாநாட்டின் பெரும் சாதனைகளில் ஒன்றாக நான் அதை வைப்பேன்.

இதே காலத்தில் கம்போடியாவிலும் ஆப்கானிஸ்தானிலும் அங்கோலாவிலும் இதே உடல்கள் இதே நிலையில் இருந்தன. 1992 இல் ஆறு அமைப்புகள் சேர்ந்து மிதிவெடிகளைத் தடைசெய்வதற்கான சர்வதேச இயக்கத்தைத் தொடங்கின. முதலில் படைத்துறையினர் சிரித்தார்கள். எல்லாப் படைகளும் வைத்திருக்கும், மலிவான, பாதுகாப்புக்கு அவசியமான ஓர் ஆயுதத்தை யார் கைவிடுவார்கள் என்று கேட்டார்கள். அதற்குப் பதில் புள்ளிவிபரங்களிலிருந்து வரவில்லை. மாநாட்டு மண்டபங்களின் வாசலில் ஊன்றுகோலோடும் சக்கர நாற்காலியோடும் வந்து நின்றவர்களிடமிருந்து வந்தது. 1982 இல் இரண்டு கால்களையும் இழந்த கம்போடியர் துன் சன்னரெத் தன் சக்கர நாற்காலியில் ஊர் ஊராகக் கையெழுத்துச் சேகரித்தார். 1997 டிசம்பர் 3 ஆம் திகதி ஒட்டாவாவில் உடன்படிக்கை கையெழுத்துக்கு வைக்கப்பட்டது. அதே மாதம் ஒஸ்லோவில் அந்த இயக்கத்துக்கான நோபல் சமாதானப் பரிசை மேடையில் பெற்றுக்கொண்டவர்களில் சன்னரெத்தும் ஒருவர்.

அந்த உடன்படிக்கையில் ஒரு புதுமை இருந்தது. ஆயுதக் களைவு பற்றிய முந்தைய உடன்படிக்கைகள் எல்லாம் ஆயுதங்களை எண்ணுவதிலும் சோதிப்பதிலும் அழிப்பதிலும் நின்றுவிட்டன. காயப்பட்டவரின் வைத்தியம், புனர்வாழ்வு, பிழைப்பு ஆகியவற்றுக்கு உதவுவது அரசுகளின் கடமை என்று எழுதிய முதல் ஆயுதக் களைவு உடன்படிக்கை இதுதான். கால் போனவர்கள் அந்த அறைக்குள் இருந்திராவிட்டால் அந்த வரி எழுதப்பட்டிருக்காது என்பது என் உறுதியான எண்ணம்.

இந்த முறையை மிதிவெடிக்கு எதிரானவர்கள் புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. அவர்களுக்கு ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே ஜப்பானில் சிலர் அந்த வழியில் நடந்திருந்தார்கள்.

1945 ஓகஸ்ட் 6 இல் ஹிரோஷிமாவிலும் 9 இல் நாகசாகியிலும் அணுகுண்டு போடப்பட்டது. அந்த ஆண்டு முடிவதற்குள் ஹிரோஷிமாவில் ஏறத்தாழ 1,40,000 பேரும் நாகசாகியில் ஏறத்தாழ 74,000 பேரும் இறந்துபோனார்கள் என்பது பொதுவாக ஏற்கப்படும் மதிப்பீடு. ஆனால் தப்பியவர்களின் குரல் உடனே உலகுக்குக் கேட்கவில்லை. 1952 வரை நீடித்த அமெரிக்க ஆக்கிரமிப்பு ஆட்சியில் குண்டின் பாதிப்புப் பற்றி எழுதுவதும் படம் வெளியிடுவதும் தணிக்கைக்கு உட்பட்டிருந்தன. 1947 இல் அமெரிக்கர் நிறுவிய ஆய்வு ஆணைக்குழு தப்பியவர்களைப் பரிசோதித்தது, வைத்தியம் செய்யவில்லை. ஊருக்குள்ளும் நிலைமை நல்லதாக இல்லை. கதிர்வீச்சுப் பட்டவளைக் கலியாணம் செய்தால் பிள்ளை எப்படிப் பிறக்குமோ என்று பயந்தார்கள், வேலை கொடுக்கத் தயங்கினார்கள். அதனால் தப்பியவர்களில் பலர் தாங்கள் அந்த நகரத்தில் இருந்ததையே மறைத்தார்கள்.

மௌனத்தை உடைத்தது இன்னொரு குண்டு. 1954 மார்ச் 1 ஆம் திகதி பிகினித் தீவில் அமெரிக்கா வெடித்த ஐதரசன் குண்டின் சாம்பல் ஜப்பானிய மீன்பிடிப் படகொன்றின் மீது பொழிந்தது. படகில் இருந்த 23 பேரும் நோயுற்றார்கள். படகின் வானொலி இயக்குநர் குபோயாமா அந்த ஆண்டு செப்டெம்பரில் இறந்தார். தோக்கியோவின் சுகினாமிப் பகுதிப் பெண்கள் தொடக்கிய கையெழுத்து இயக்கம் அடுத்த ஆண்டுக்குள் மூன்று கோடியைத் தாண்டியது. அந்த அலையில்தான் 1956 ஓகஸ்ட் 10 ஆம் திகதி நாகசாகியில் தப்பியவர்கள் தங்களுக்கென்று ஓர் அமைப்பை உருவாக்கினார்கள். நிஹோன் ஹிடான்கியோ என்ற அந்த அமைப்புக்குத்தான் 2024 இல் நோபல் சமாதானப் பரிசு கிடைத்தது. தொடங்கிய மறு ஆண்டே அவர்களுடைய அழுத்தத்தால் அணுகுண்டினால் பாதிக்கப்பட்டோருக்கான வைத்தியச் சட்டம் ஜப்பானில் வந்தது.

இவர்கள் பேசிய விதத்தைக் கவனிக்க வேண்டும். கொள்கை பேசவில்லை, உடம்பைக் காட்டினார்கள். நாகசாகியில் பதினாறு வயதுத் தபாற்காரனாக இருந்த சுமிதேரு தனிகுச்சி முதுகு முழுவதும் எரிந்து 21 மாதங்கள் குப்புறக் கிடந்தவர். 2010 இல் நியூயோர்க்கில் நடந்த அணுவாயுதப் பரவல் தடை மாநாட்டில், தன் சிவந்த முதுகின் படத்தைக் கையில் பிடித்தபடியே பேசினார். செட்சுகோ தர்லோ பதின்மூன்று வயதில், குண்டு விழுந்த இடத்துக்கு 1.8 கிலோமீற்றர் தொலைவில், இடிந்த கட்டடத்தின் அடியிலிருந்து ஊர்ந்து வெளியே வந்தவர். அவரோடு இருந்த வகுப்புத் தோழிகளில் பெரும்பாலோர் உள்ளேயே எரிந்துபோனார்கள். எங்கு பேசினாலும் அவர் தன் அக்காவின் நான்கு வயது மகன் எயிஜியைப் பற்றிச் சொல்லுவார். ஒரு பெயர், ஒரு வயது. இலட்சம் என்ற எண்ணுக்கு முன்னால் அசையாத மனம் அந்த ஒரு பிள்ளைக்கு முன்னால் அசைகிறது.

இங்கே இலங்கைக்காரர் ஒருவரை நிறுத்திப் பார்க்க வேண்டும். அணுவாயுதத்தைப் பயன்படுத்துவதோ பயன்படுத்துவேன் என்று மிரட்டுவதோ சட்டப்படி சரியா என்று ஐக்கிய நாடுகள் பொதுச்சபை 1994 இல் ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்தைக் கேட்டது. 1995 நவம்பரில் நடந்த விசாரணையில் ஹிரோஷிமா, நாகசாகி நகர முதல்வர்கள் சாட்சியம் அளித்தார்கள். நாகசாகி முதல்வர் பெருப்பித்த படங்களை நீதிபதிகளுக்குக் காட்டிப் பேசினார். மார்ஷல் தீவுகளின் ரொங்கலாப்பைச் சேர்ந்த லிஜோன் எக்னிலாங், பிகினிக் குண்டு வெடித்தபோது எட்டு வயதுச் சிறுமி, தன் கருக்கள் கலைந்ததையும் தன் ஊர்ப் பெண்கள் எலும்பற்ற உருவங்களைப் பெற்றெடுத்ததையும் உலக நீதிமன்றத்தில் சொன்னார்.

கேட்டுக்கொண்டிருந்த நீதிபதிகளில் கிறிஸ்தோபர் வீரமந்திரி ஒருவர். 1996 ஜூலை 8 இல் வந்த நீதிமன்றக் கருத்து, அணுவாயுதப் பயன்பாடு பொதுவாகச் சட்டத்துக்கு முரணானது என்றது. ஆனால் ஒரு நாடு அழியும் நிலையிலான தற்காப்பின்போது எப்படி என்பதில் முடிவு சொல்லாமல் விட்டது. அந்த இடைவெளியையும் ஏற்காத வீரமந்திரி, நூறு பக்கங்களுக்கு மேல் நீளும் தன் மாறுபட்ட தீர்ப்பில் எந்தச் சூழ்நிலையிலும் அது சட்டவிரோதமே என்று எழுதினார். அதன் முக்கியமான ஒரு பகுதி, அந்த ஆயுதம் மனித உடலுக்கும் கருவுக்கும் மண்ணுக்கும் என்ன செய்கிறது என்ற விவரணை. எதிரிக் குலத்தையே அழிக்கும் அஸ்திரத்தை ஏவவேண்டாம் என்று இராமன் இலக்குவனைத் தடுத்ததையும், அர்ச்சுனன் பாசுபதத்தைப் பயன்படுத்தாமல் விட்டதையும் அவர் அதில் எடுத்துக்காட்டினார். நம் வீடுகளில் கதையாகக் கேட்ட ஒன்று உலக நீதிமன்றத்தின் பதிவேட்டில் சட்ட வாதமாக நிற்கிறது. இலங்கைப் பாடசாலைகளில் அந்தத் தீர்ப்பின் ஒரு பக்கமாவது தமிழிலும் சிங்களத்திலும் படிப்பிக்கப்பட வேண்டும் என்று விரும்புகிறேன்.

அதற்கு முந்தைய ஆண்டில் அணுவாயுதப் பரவல் தடை உடன்படிக்கையின் மீளாய்வு மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவரும் இலங்கையர்தான்: ஜயந்த தனபால. பின்னர் 1998 முதல் 2003 வரை ஐக்கிய நாடுகளின் ஆயுதக் களைவுத் துறைக்குப் பொறுப்பாக இருந்தார். இந்து சமுத்திரத்தைச் சமாதான வலயமாக்கும் தீர்மானம் 1971 இல் ஐக்கிய நாடுகளில் நிறைவேறியதும் இலங்கையின் முன்முயற்சியால்தான். உலக அரங்கில் இவ்வளவு தெளிவாகப் பேசிய அதே அரசு, வீட்டுக்குள் தன் மண்ணிலேயே மிதிவெடிகளைப் புதைத்துக்கொண்டிருந்தது. யுத்தத்தைக் காரணம் காட்டி ஒட்டாவா உடன்படிக்கைக்கு வெளியே நின்றது. இதைச் சொல்லாமல் கடந்துபோவது நேர்மையல்ல. புலிகளும் அந்த ஆயுதத்தை விடவில்லை.

மிதிவெடி உடன்படிக்கையின் வெற்றியைப் பார்த்தே மலேசிய மகப்பேற்று வைத்தியர் ரொன் மக்கோய் 2005 இல் அதே மாதிரியில் அணுவாயுதத்துக்கு எதிராகவும் ஓர் இயக்கம் வேண்டும் என்று தன் சக வைத்தியர்களுக்கு எழுதினார். அதிலிருந்து பிறந்தது ஐகேன். அவர்கள் அரசுகளிடம் கேள்வியை மாற்றிக் கேட்டார்கள். இந்த ஆயுதம் உங்கள் பாதுகாப்புக்குத் தேவையா என்பதை விட்டு, இது வெடித்தால் எந்த வைத்தியசாலை, எந்தச் செஞ்சிலுவைச் சங்கம், எந்த அரசு காயப்பட்டவரைப் பார்க்கும் என்று கேட்டார்கள். 2013 இல் ஒஸ்லோ, 2014 இல் மெக்சிக்கோவின் நயாரித், பிறகு வியன்னா என்று நடந்த மாநாடுகளில் பதில் ஒன்றாகவே வந்தது: எவராலும் முடியாது. 2017 ஜூலை 7 இல் 122 நாடுகளின் வாக்குகளால் அணுவாயுதத் தடை உடன்படிக்கை ஏற்கப்பட்டது. அந்த அறையில் தர்லோ இருந்தார். உடன்படிக்கையின் முகவுரையில் ஹிபாகுஷாக்கள் எனப்படும் அணுகுண்டுக்குத் தப்பியவர்களின் துன்பமும் அணுச் சோதனைகளால் பாதிக்கப்பட்டோரின் துன்பமும் பெயர் சொல்லிக் குறிக்கப்பட்டன. ஆறாவது உறுப்புரை பாதிக்கப்பட்டோருக்கான உதவியைக் கடமையாக்கியது. ஒட்டாவாவில் கால் இழந்தவர்கள் எழுதவைத்த வரியின் வாரிசு அது. ஜெய்ப்பூர் நிலையத்தின் வாங்கில் காத்திருந்தவரின் உரிமையும் ஹிரோஷிமாவில் புற்றுநோயோடு காத்திருந்தவரின் உரிமையும் ஒரே சட்டக் குடும்பத்தைச் சேர்ந்தவை.

இலங்கை மிதிவெடித் தடை உடன்படிக்கையில் 2017 டிசம்பர் 13 இல் இணைந்தது. அடுத்த மார்ச்சில் கொத்துக்குண்டுச் சமவாயத்தில். 2023 செப்டெம்பர் 19 இல் அணுவாயுதத் தடை உடன்படிக்கையில். மூன்றும் ஆறு ஆண்டுகளுக்குள். யாழ்ப்பாணப் பத்திரிகைகளில் மூன்றாவது செய்திக்கு எவ்வளவு குறைவான இடம் கிடைத்தது என்று எனக்கு வருத்தம் உண்டு. நம்மிடம் அணுகுண்டு இல்லையே, நமக்கென்ன என்று கேட்பவர்கள் வரைபடத்தைப் பார்க்க வேண்டும். பாக்கு நீரிணைக்கு அப்பால் இந்தியா, அதற்கப்பால் பாகிஸ்தான், இரண்டும் 1998 மே மாதத்தில் வெடித்துக் காட்டிய நாடுகள். காற்றுக்கு எல்லைக் கடவை கிடையாது.

அணுவாயுதம் வைத்திருக்கும் ஒன்பது நாடுகளில் ஒன்றேனும் இந்த உடன்படிக்கையில் சேரவில்லையே, பிறகு என்ன பயன் என்பது பலமான கேள்வி. உலகில் இன்னும் 12,000 க்கும் மேற்பட்ட அணுக்குண்டுகள் உள்ளன. ஹிபாகுஷாக்களின் சொந்த நாடான ஜப்பானும் வெளியே நிற்கிறது. ஆனால் ஒட்டாவா உடன்படிக்கையிலும் அமெரிக்காவும் ரஷ்யாவும் சீனாவும் இந்தியாவும் பாகிஸ்தானும் சேரவில்லை. அப்படியிருந்தும் களஞ்சியங்களிலிருந்து ஐந்தரைக் கோடி மிதிவெடிகள் அழிக்கப்பட்டன, வெளிப்படையான வியாபாரம் ஏறக்குறைய நின்றது, வைத்திருப்பது வெட்கமானது. சட்டம் வல்லரசின் கையைக் கட்டுமுன் அதன் முகத்தை மாற்றுகிறது. எதிர்த்திசையிலும் ஒரு பாடம் உண்டு. 2025 இல் எஸ்தோனியா, லாத்வியா, லிதுவேனியா, பின்லாந்து, போலந்து ஆகியவை மிதிவெடித் தடையிலிருந்து விலக முடிவெடுத்தன. ரஷ்யாவைப் பற்றிய அவர்களின் பயம் பொய்யானதல்ல. ஆனால் எல்லையில் புதைக்கும் வெடி யாருடைய காலை எடுக்கும் என்று அவர்கள் முகமாலைக்கு வந்து கேட்டிருக்கலாம்.

முகமாலையில் இன்று வேலை நடக்கிறது. பி-4 போன்ற வெடிகளில் உலோகம் மிகக் குறைவு, ஜொனியின் உடல் பலகை. உணர்கருவிகள் தடுமாறும். அதனால் ஹலோ ட்ரஸ்ட் போன்ற நிறுவனங்களின் பணியாளர்கள் முகக்கவசம் அணிந்து, குந்தியிருந்து, விசேட வாரிகளால் மண்ணைப் படை படையாக வாரி எடுக்கிறார்கள். அவர்களில் பெருந்தொகையினர் பெண்கள், பலர் வீட்டுக்கு ஒரே உழைப்பாளிகள். இலங்கை தன் நிலத்தைச் சுத்தமாக்க உடன்படிக்கை கொடுத்த தவணை 2028 ஜூன் 1.

மண்ணைச் சுத்தமாக்குவதற்குத் தவணை இருக்கிறது. சாட்சியத்துக்கு இல்லை. சாட்சியம் சேர்க்கும் மரபு யாழ்ப்பாணத்துக்குப் புதிதுமல்ல. 1987 இன் இந்திய இராணுவ நடவடிக்கைக்குப் பின்னர் யாழ்ப்பாணப் பல்கலைக்கழக உடற்கூற்றியல் விரிவுரையாளர் ராஜினி திராணகம, ராஜன் ஹூல், ஸ்ரீதரன், மனநல வைத்தியர் தயா சோமசுந்தரம் ஆகியோர் வீடு வீடாகப் போய் மக்களின் வாயிலிருந்து எழுதிய நூல் ‘முறிந்த பனை’. எல்லாத் தரப்பு ஆயுதங்களையும் பற்றி எழுதியதற்காக ராஜினி விலை கொடுத்தார். 1989 செப்டெம்பர் 21 இல் சைக்கிளில் வீடு திரும்பும் வழியில் சுட்டுக் கொல்லப்பட்டார். சோமசுந்தரம் பின்னர் போரின் உளப் பாதிப்பைப் பல நூல்களாக எழுதினார். இவர்கள் போட்ட பாதையில் மிதிவெடிச் சாட்சியத்துக்கென்று ஒரு முழுமையான தொகுப்பு வரவேண்டும். 1990களில் கால் இழந்த இளைஞர்களில் பலர் இப்போது ஐம்பதைத் தாண்டிவிட்டார்கள். விறகுக்குப் போனவர், மாடு சாய்க்கப் போனவர், மீளக்குடியேறிய முதல் வாரத்தில் தன் வளவைத் துப்புரவாக்கியவர், சண்டையில் நின்றவர், சீருடை அணிந்து தெற்கிலிருந்து வந்த சிப்பாய் எல்லோருடைய பேச்சும் அதில் இருக்கவேண்டும். சிங்களத் தாய்மாரின் பிள்ளைகளும் அந்தக் கோட்டில் கால் விட்டவர்களே.

ஜப்பானியருக்கும் காலம் இப்படித்தான் நெருக்கியது. 2025 மார்ச்சில் பதிவுபெற்ற ஹிபாகுஷாக்களின் எண்ணிக்கை முதன்முறையாக ஒரு இலட்சத்துக்குக் கீழே போனது. சராசரி வயது 86. ஆனால் அவர்கள் பேசியதைத் தலைமுறையாகப் பதிந்து வைத்திருக்கிறார்கள். அதைக் கேட்டு மனனம் செய்து, அவர்கள் சார்பில் சொல்லும் இளையவர்களையும் ஹிரோஷிமா மாநகரம் பயிற்றுகிறது. நம்மிடம் பல்கலைக்கழகம் இருக்கிறது, நூலகம் இருக்கிறது, ஜெய்ப்பூர் நிலையத்தின் பழைய கோப்புகள் இருக்கின்றன, கைத்தொலைபேசியில் ஒலிப்பதிவு செய்யத் தெரிந்த மாணவர்கள் ஒவ்வொரு ஒழுங்கையிலும் இருக்கிறார்கள்.

அணுவாயுதத் தடை உடன்படிக்கையின் முதலாவது மீளாய்வு மாநாட்டுக்கு 2026 நவம்பர் இறுதியில் நியூயோர்க்கில் நாள் குறிக்கப்பட்டிருக்கிறது. இலங்கை அங்கே உறுப்பு நாடாக அமர உரிமை பெற்றிருக்கிறது. ஆறாவது உறுப்புரையைப் பற்றிப் பேச்சு வரும்போது, பாதிக்கப்பட்டோருக்கு உதவுவதென்றால் நடைமுறையில் என்ன என்று அறிந்த ஒருவரை, செயற்கைக் காலோடு முப்பது வருடம் தோட்டம் செய்த ஒருவரை, வெளிவிவகார அமைச்சு தன் குழுவில் சேர்த்து அனுப்பட்டும். அனுப்ப முடியாவிட்டால் அவருடைய பேச்சையாவது பதிவுசெய்து அந்த மண்டபத்தில் போடட்டும். தமிழில் போடட்டும்; மொழிபெயர்ப்பாளர்கள் அங்கே இருப்பார்கள்.

(தொடரும். அடுத்த இதழில்: கிளாலிக் கடல்வழி)